படி தெரியணும்: மலைக்கோயில் பாதையில் உழவாரப்பணி செய்வது எப்படி?

ஓம் சரவணபவ!



"அண்ணா, நாங்களும் உழவாரப்பணி செய்யணும், எங்கேருந்து ஆரம்பிக்கிறது?" போன கிருத்திகைப் பதிவுக்குப் பிறகு நிறைய தம்பி தங்கைகள் இதைக் கேட்டிருந்தீங்க. கோயிலுக்குள்ளே செய்யும் பணி பெரும்பாலும் எல்லாருக்கும் தெரியும். பிரகாரம் கூட்டுவது, விளக்கு துலக்குவது, ஒட்டடை அடிப்பது. அதைக் கோயில்ல இருக்கறவங்களே சொல்லிக் கொடுத்துடுவாங்க. இந்தப் பாடம் கோயிலுக்கு வெளியே இருக்கும் பணியைப் பற்றியது. மலைப்படியிலும் கிரிவலப் பாதையிலும் மண்டிக்கிடக்கும் புல், முள், புதரை எப்படி ஒதுக்குவது, எதை வெட்டணும், எதை வெட்டவே கூடாது என்பதுதான் விஷயம்.

நான் மென்பொருள் வேலையில் இருப்பவன். வாரம் முழுக்க கம்ப்யூட்டர் முன்னாடி உட்கார்ந்திருக்கும் கை இது. அஞ்சு வருஷமா எங்க ஊர்ப் பக்கத்துக் குன்றுக் கோயிலில் மாதம் ஒரு ஞாயிறு, பன்னிரண்டு பேர் சேர்ந்து இந்தப் பணி செய்கிறோம். அங்கே பெரியவங்க சொல்லிக் கொடுத்தது, படித்துத் தெரிந்துகொண்டது, ரெண்டையும் சேர்த்து எழுதுகிறேன்.

*1. பாதை காட்டுவதே ஒரு வழிபாடு*

திருமுருகாற்றுப்படை எல்லாருக்கும் தெரியும். நக்கீரர் பாடியது, 317 அடிகள், பத்துப்பாட்டில் முதல் பாட்டு. சைவர்கள் அதைப் பதினோராம் திருமுறையிலும் வைத்துப் போற்றுகிறார்கள். ஆனால் 'ஆற்றுப்படை' என்ற சொல்லை நம்மில் பலர் நின்று யோசிப்பதில்லை.

ஆறு என்றால் வழி. ஆற்றுப்படுத்துதல் என்றால் வழிப்படுத்துதல். ஒரு வள்ளலிடம் போய்ப் பரிசு வாங்கி வந்தவர், வழியில் எதிரே வரும் இன்னொருவரைப் பார்த்து, "நீயும் போ, இப்படிப் போ, இங்கே திரும்பு" என்று சொல்வதுதான் ஆற்றுப்படைப் பாட்டு. மற்ற ஆற்றுப்படைகளில் பரிசு பொன்னும் பொருளும். திருமுருகாற்றுப்படையில் பரிசு முருகன் அருள். நாம் சொல்லும் 'ஆறுபடை வீடு' என்ற பெயரே 'ஆற்றுப்படை வீடு' என்பதிலிருந்து மருவி வந்தது என்று சொல்லும் அறிஞர்கள் உண்டு.

பத்துப்பாட்டிலேயே மலைபடுகடாம் என்று இன்னொரு பாட்டு இருக்கு. கூத்தராற்றுப்படை என்றும் பெயர். செங்கண்மாவை ஆண்ட நன்னனிடம் போகிற கலைஞர்களுக்கு மலைவழியைச் சொல்கிற பாட்டு. அதில் புலவர் வழியின் அழகை மட்டும் பாடவில்லை. தினைப்புனத்தில் பன்றிக்கு வைத்திருக்கும் பொறியில் மாட்டிக்காதே, குழிக்குள் பாம்பு ஒடுங்கிக் கிடக்கும் பார்த்துப் போ, பாசி பிடித்த இடம் வழுக்கும், கொடியைப் பிடித்துக்கொண்டு நட என்று ஒவ்வொன்றாக எச்சரிக்கிறார். மலையேறும் வழியில் இன்னொருத்தர் கால் என்ன ஆகுமோ என்ற கவலை அவ்வளவு பழையது.

நாம் தரிசனம் முடித்துத் திரும்புகிறோம். பின்னால் ஒருத்தர் வருகிறார். அவருக்கு வழி தெரியும்படி, கால் வைக்க இடம் இருக்கும்படி செய்துவிட்டு இறங்கினால் அதுவும் ஓர் ஆற்றுப்படைதான். வாயால் பாடுவதற்குப் பதில் கையால் செய்கிறோம்.

*2. அப்பர் கையில் இருந்தது என்ன?*

உழவாரப்பணி என்றால் திருநாவுக்கரசர் நினைவு வராமல் இருக்காது. ஏழாம் நூற்றாண்டு. கோயில்களில் அப்பர் சிலையைக் கவனித்துப் பாருங்கள். தோளில் சாய்த்த நீண்ட கம்பு, அதன் முனையில் தட்டையான இரும்பு. அதுதான் உழவாரம். தரையோடு தரையாகத் தள்ளிப் புல்லைச் செதுக்கும் கருவி. தேவாரம் பாடிய மகானைத் தமிழர்கள் ஏட்டோடு மட்டும் நினைவு வைக்கவில்லை. புல் செதுக்கியோடு நினைவு வைத்திருக்கிறார்கள்.

சேக்கிழார் 12-ஆம் நூற்றாண்டில் பாடிய பெரியபுராணத்தில் ஒரு நிகழ்ச்சி வருகிறது. திருப்புகலூரில் அப்பர் உழவாரப்பணி செய்துகொண்டிருக்கிறார். அவர் செதுக்கும் இடத்தில் எல்லாம் பொன்னும் நவமணியும் மின்னுகின்றன. இறைவன் வைத்த சோதனை. அப்பர் அவற்றைப் பரல் கல்லோடு ஒன்றாகவே பார்த்தார். உழவாரத்தால் வாரி அப்படியே குளத்தில் எறிந்தார்.

இதைப் பற்றின்மைக்கு உதாரணமாகத்தான் எல்லாரும் சொல்வார்கள். எனக்கு இன்னொன்றும் தோன்றும். அப்பர் அன்று செய்துகொண்டிருந்த வேலைக்கு ஒரு கணக்கு இருந்தது: நடக்கிறவர் காலில் படுவது எதுவும் தரையில் இருக்கக் கூடாது. அந்தக் கணக்கில் கல்லும் மாணிக்கமும் ஒன்றுதான். ரெண்டும் குத்தும்.

*3. ஒரு பாதை எப்படி மூடுகிறது?*

மலைப்பாதை ஒரே நாளில் காணாமல் போவதில்லை. ஆட்கள் நடக்கிற வரைக்கும் காலடியே பாதையைத் திறந்து வைத்திருக்கும். ஒரு மழைக்காலம் ஆள் நடமாட்டம் குறைந்தால் படி இடுக்கில் புல் வரும். புல் மண்ணைப் பிடிக்கும். அந்த மண்ணில் முள்செடி வரும். முள் வந்ததும் வயதானவர்கள் வருவதை நிறுத்துவார்கள். அவர்கள் நின்றதும் நடமாட்டம் இன்னும் குறையும். அடுத்த மழையில் படியின் விளிம்பே தெரியாது. அப்புறம் குழந்தையை அழைத்து வரும் அம்மாக்கள் நிற்பார்கள். கடைசியில் வாகனப் பாதை இருந்தால் எல்லாரும் அதில் போவார்கள். இல்லையென்றால் அர்ச்சகர் மட்டும் ஏறுவார்.

பழனியில் யானைப்பாதை, படிப்பாதை, விஞ்ச், ரோப்கார் எல்லாம் இருக்கு. பராமரிக்க ஆட்களும் இருக்காங்க. திருத்தணியின் 365 படிகளும் சுவாமிமலையின் 60 படிகளும் புதர் மூடிப் போகப் போவதில்லை. ஆனால் ஊருக்கு ஊர் ஒரு குன்று, குன்றின் மேல் ஒரு குமரன் என்று இருக்கிறதே, அங்கே அர்ச்சகர் ஒருத்தர், காவலுக்கு ஒருத்தர், அவ்வளவுதான். அங்கே பாதையை யார் பார்ப்பது?

எங்க வேலையில் இதைத் தினமும் பார்க்கிறேன். புதிதாக ஒன்று கட்டுவதற்கு எல்லாரும் கை தூக்குவார்கள். ஏற்கெனவே ஓடுவதைப் பராமரிக்க ஆள் கிடைக்காது. கோயிலிலும் அப்படித்தான். பெயர் பொறித்த நுழைவு வளைவுக்கு உபயதாரர் உடனே வருவார். புல் வெட்ட யார் பெயரையும் பொறிக்க முடியாது. அதனால்தான் இது நம்மைப் போன்றவர்கள் எடுத்துக்கொள்ள வேண்டிய பணி.

*4. முதல் வேலை: அனுமதி*

அரிவாளை எடுப்பதற்கு முன் மூன்று கேள்விகளுக்கு விடை வேண்டும்.

கோயில் அறநிலையத்துறையின் கீழ் இருக்கிறதா? இருந்தால் செயல் அலுவலரிடம் எழுத்தில் அனுமதி வாங்குங்கள். கிராமக் கோயில் என்றால் ஊர்ப் பெரியவர்களிடமும் பூசாரியிடமும் கேளுங்கள்.

மலை காப்புக்காடா? அப்படியென்றால் வனச்சரக அலுவலகத்தில் கேட்காமல் ஒரு கிளையைக்கூட தொடக் கூடாது. பக்தி என்ற காரணம் அங்கே செல்லாது. செல்லவும் கூடாது. அது மற்ற உயிர்களின் வீடு.

கல்வெட்டு, பழைய மண்டபம், குடைவரை எதுவும் பாதையில் இருக்கிறதா? தொல்லியல் துறைப் பலகை இருந்தால் அதைச் சுற்றிக் கடப்பாரை, மண்வெட்டி எதுவும் வேண்டாம். புல் மூடிய பாறையில் எழுத்து தெரிந்தால் சுரண்டாதீர்கள், சுண்ணாம்பு பூசாதீர்கள். நிர்வாகத்திடம் சொல்லிவிட்டு நகருங்கள்.

*5. யாருக்காக வெட்டுகிறோம்?*

இந்தப் பாடத்தில் ஒன்றை மட்டும் நினைவு வைப்பீர்கள் என்றால் இந்தப் பகுதியை வையுங்கள்.

எங்க கோயில் அடிவாரத்தில் ஒரு பூக்கார அம்மா. எழுபது வயசு இருக்கும். முன்பெல்லாம் கிருத்திகைக்குக் கிருத்திகை மேலே ஏறித் தானே மாலை சாத்துவார். சில வருஷமாக அடிவாரத்திலேயே நின்று கும்பிட்டுவிட்டு, மாலையை யாரிடமாவது கொடுத்து அனுப்புவார். பணியை ஆரம்பிக்கும் முன்னால் அவரிடம் போய், "பாட்டி, எந்த இடம் கஷ்டமா இருக்கு?" என்று கேட்டோம். முதல் முப்பது படி எங்களோடு ஏறி வந்தார். ஒரு இடத்தில் நின்றார்.

"தம்பி, உங்க கண்ணுக்கு மேல தொங்குற கிளைதான் தெரியும். எனக்கு அது ஒண்ணும் பண்ணாது, நான் குள்ளம். எனக்குப் படியோட ஓரம் தெரியணும். எங்க ஒரு படி முடியுது, எங்க அடுத்தது தொடங்குதுன்னு தெரியல. இந்தக் கம்பியைப் பிடிக்கலாம்னா கொடி சுத்திக் கெடக்கு, உள்ள என்ன இருக்கோ."

இளவட்டம் புதரைப் பார்த்தால் பெரிய கிளையை வெட்டத்தான் கை போகும். வெட்டினது கண்ணுக்குத் தெரியும், போட்டோவிலும் நல்லா வரும். ஆனால் பாட்டியைக் கீழேயே நிற்க வைத்தது நாலு அங்குலப் புல்லும் கைப்பிடியில் சுற்றிய கோவைக்கொடியும்தான். அன்றைக்கு எங்க வேலை வரிசை மாறியது. இப்போது எப்போதும் இதே வரிசைதான்:

ஒன்று, படியின் விளிம்பு. புல்லைச் செதுக்கி, மண்ணை வழித்து, ஒவ்வொரு படியின் ஓரமும் மேலேருந்து பார்த்தாலும் கீழேருந்து பார்த்தாலும் தெரியணும். ஏறும்போது விழுபவர்களைவிட இறங்கும்போது விழுபவர்கள் அதிகம் என்பதை நாங்களே பார்த்திருக்கோம். அதனால் மேலே நின்று கீழ்நோக்கியும் ஒரு முறை பாருங்கள்.

இரண்டு, கைப்பிடி. கம்பியைச் சுற்றிய கொடியை முழுவதும் எடுத்து, கம்பிக்கு ரெண்டு பக்கமும் ஒரு கை நுழையும் இடம் விடணும்.

மூன்று, முகத்துக்கு நேரே நீட்டும் முள்கிளை. பார்வை இல்லாதவர் கைத்தடியால் தரையைத் தடவி வருவார். தலைக்கு நேரே நீட்டும் கிளையைத் தடி சொல்லாது.

நான்கு, காவடி அளவு. இது நாங்களே வைத்துக்கொண்ட அளவுகோல். காவடி எடுத்து ஏறும் ஒருவரும் எதிரே இறங்கும் ஒருவரும் இடிக்காமல் போகணும். அகலத்துக்கு ஆறு அடி, உயரத்துக்கு எட்டு அடி. ஆறு அடிக் கம்பு ஒன்றைக் குறுக்கே பிடித்துக்கொண்டு ஒருத்தர் முன்னால் நடந்தால் போதும். கம்பு தட்டும் இடத்தில் வேலை இருக்கு. தட்டாத இடத்தில் வேலை இல்லை.

அந்தக் கடைசி வரியும் முக்கியம். கம்பு தட்டாத இடத்தில் கை வைக்காதீர்கள். மலை முழுக்க 'சுத்தம்' பண்ணுவது நம் பணி இல்லை. தொல்காப்பியம் சேயோனுக்குக் கொடுத்த நிலமே மலைதான். அந்த மலைக்காடு அவன் வீட்டு முற்றம். நடைமுறைக் காரணமும் இருக்கு. அகலமாகத் திறந்துவிட்டால் வெயில் தாராளமாக விழும். வெயிலும் கிளறிய மண்ணும் கிடைத்தால் முதலில் வருவது பார்த்தீனியமும் உண்ணிச்செடியும்தான். நாம் வெட்டியதைவிட மோசமான புதர் அடுத்த வருஷம் வரும். பங்குனி வெயிலில் வெறுங்காலோடு பாறையில் நடக்கும் காவடிக்காரரிடம் கேட்டுப் பாருங்கள், வழியோர மர நிழல் என்ன விலை என்று.

*6. கருவியும் கையும்*

வேண்டியவை: உழவாரம் அல்லது களைக்கொத்தி, மண்வெட்டி, அரிவாள், உயரக் கிளைக்குத் தொரட்டி, கைரம்பம், முள்ளைத் தள்ள ஒரு கவைக்கோல், தீட்ட ஓர் அரம். தோல் கையுறை, முழுக்கைச் சட்டை, தடித்த காலணி கட்டாயம். படியில் காலணி போடலாமா என்று சிலர் தயங்குவார்கள். எங்க கோயிலில் பூசாரியிடமே கேட்டோம். "நீங்க முள்ளு குத்திப் படுத்துட்டா யாரு வேலை பாக்கறது? போட்டுக்கங்க, சந்நிதி படி கிட்ட கழட்டிடுங்க" என்றார். உங்க கோயிலிலும் கேட்டுவிட்டுச் செய்யுங்கள்.

அரிவாள் வீசும் ரெண்டு பேருக்கு நடுவே குறைந்தது பத்து அடி இடைவெளி. சரிவில் ஒருத்தருக்கு நேர் கீழே இன்னொருத்தர் நிற்கக் கூடாது. கல் ஒன்று உருண்டால் போதும். மொட்டைக் கருவிதான் கையை வெட்டும். கூர் போனால் நிறுத்தித் தீட்டிவிட்டுத் தொடருங்கள்.

வெட்டும் முறையில் முக்கியமானது: சாய்த்து வெட்டாதீர்கள். சின்னச் செடியின் தண்டைச் சாய்வாக ஒரே வீச்சில் வெட்டினால் தரையில் ஒரு ஈட்டி நிற்கும். காய்ந்ததும் அது ஆணி மாதிரி. வெறுங்காலோடு வருபவருக்கு முழுச் செடியைவிட அந்த நான்கு அங்குல முளை ஆபத்து. தரை மட்டத்துக்குக் கீழே கொத்தி எடுங்கள், இல்லையென்றால் தரையோடு தட்டையாக அறுங்கள்.

மரக்கிளையை அறுக்கும்போது முதலில் அடிப்பக்கம் கொஞ்சம் அறுத்துவிட்டு, பிறகு மேலேருந்து அறுங்கள். அப்போதுதான் கிளை விழும்போது மரத்தின் பட்டையை உரித்துக்கொண்டு போகாது. கிளை தாய்மரத்தோடு சேரும் இடத்தில் ஒரு தடிப்பு இருக்கும். அதை ஒட்டி, அதற்கு வெளியே அறுத்தால் காயம் தானாக மூடும்.

*7. எது போகணும், எது இருக்கணும்*

*சீமைக் கருவேலம்.* நம் ஊரில் வேலிக்காத்தான் என்பார்கள். அமெரிக்கக் கண்டத்திலிருந்து வந்தது. முள் செருப்பைத் துளைக்கும். மேலே வெட்டினால் அடியிலிருந்து நாலு கிளையாகத் துளிர்க்கும். பாதையில் இருப்பதை வேர்க்கழுத்தோடு தோண்டி எடுத்தால்தான் பலன். இதன் கட்டை நல்ல விறகு. ஊர்க்காரர்களைக் கேட்டால் அவர்களே எடுத்துக்கொள்வார்கள்.

*உண்ணிச்செடி.* மஞ்சளும் ரோஸும் கலந்த அழகுப் பூ. அழகுச்செடியாகக் கொண்டுவரப்பட்டு இன்று காடு முழுக்கப் பரவிவிட்டது. பறவைகள் பழத்தைத் தின்று விதையைப் பரப்பும். அதனால் பழுக்கும் முன்னால் எடுக்கணும். மண்ணுக்கு ரெண்டு அங்குலம் கீழே வேரை வெட்டி, செடியைத் தலைகீழாகக் காயப் போடுங்கள். நிமிர்ந்து மண்ணில் படும்படி போட்டால் மறுபடி வேர் விடும்.

*பார்த்தீனியம்.* பூக்கும் முன் ஈர மண்ணில் கையுறையோடு பிடுங்குங்கள். தோல் அரிப்பு, மூச்சிரைப்பு வரும். ஆஸ்துமா உள்ள நண்பர்களை இந்த வேலையில் விடவேண்டாம். அவர்களுக்குத் தண்ணீர், முதலுதவிப் பொறுப்பு கொடுங்கள்.

*காஞ்சொறி.* செந்தட்டி என்றும் சொல்வார்கள். தொட்டால் நெருப்பு பட்டது மாதிரி எரியும். குழந்தைகள் வரும் வழியில் இது இருக்கக் கூடாது. *நெருஞ்சி* தரையோடு படரும். வெறுங்கால் பக்தர்களுக்குப் பெரிய தொல்லை இதுதான். காய் முற்றும் முன் எடுங்கள்.

*படி இடுக்கில் முளைத்த அரசும் ஆலும்.* கவனம். விரல் நீளக் கன்றாக இருந்தால் மழை ஈரத்தில் கையால் பிடுங்கலாம். பெரிதானதை இழுத்தால் கல்லே பெயர்ந்துவிடும். மேலே மட்டும் வெட்டினால் வேர் உள்ளே பருத்துக்கொண்டே போகும். அதை நிர்வாகத்திடம் சொல்லி, கல் வேலை தெரிந்தவரை வைத்துச் செய்யணும்.

இப்போது இருக்க வேண்டியவை.

*காந்தள்.* முருகனுக்கு உரிய பூ. திருமுருகாற்றுப்படையில் அவன் சூடும் மாலை இது. நம் மாநில மலரும் இதுதான். இது எங்கே வளரும் தெரியுமா? நாம் வெட்டப் போகும் அதே வேலிப் புதரில்தான். மழைக்காலத்தில் கிழங்கிலிருந்து முளைத்து, பக்கத்துச் செடியைப் பற்றி ஏறும். பூக்காத நாளில் சாதாரணக் கொடி மாதிரி இருக்கும். அடையாளம்: இலையின் நுனி சுருள் கம்பி மாதிரி வளைந்து பக்கத்துக் குச்சியைப் பிடித்திருக்கும். அப்படிப் பார்த்தால் அரிவாளை நிறுத்துங்கள். மழை முடிந்ததும் கொடி காய்ந்துவிடும், கிழங்கு மண்ணுக்குள் தூங்கும். அதனால் ஐப்பசியிலேயே இடத்தைப் பார்த்து ஒரு கல் அடையாளம் வையுங்கள். கிழங்கு கடும் விஷம், தோண்டவும் வேண்டாம். முருகன் பாதையைச் சுத்தம் பண்ணுகிறோம் என்று முருகன் பூவையே வெட்டி எறிந்தால் எப்படி?

*கடம்பும் வேங்கையும்.* கடம்பன் என்பதே அவன் பெயர். வள்ளியைத் தேடி வந்தபோது அவன் வேங்கை மரமாக நின்றான் என்பது கதை. கன்றாக இருந்தால் சுற்றிக் கல் அடுக்கிக் காப்பாற்றுங்கள். பெயர் தெரியாத செடி எதுவானாலும் உள்ளூர் ஆடு மேய்ப்பவரைக் கேட்டுவிட்டு வெட்டுங்கள். அவரைவிட அந்த மலையைத் தெரிந்தவர் கிடையாது.

*8. பாம்பு, குளவி, தேனீ*

நம் ஊரில் பெரும்பாலான விஷக்கடிக்குக் காரணம் நான்கு: நல்லபாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன். புதர் அவற்றுக்கு எலி கிடைக்கும் இடம். வேலை தொடங்கும் முன் நீண்ட கம்பால் புதரைத் தட்டி, காலைத் தரையில் அழுத்தி நடந்து, கொஞ்சம் பொறுங்கள். அதிர்வு தெரிந்தால் அது விலகிப் போய்விடும். கண் பார்க்காத இடத்தில் கையை விடாதீர்கள். பாம்பைப் பார்த்தால் வழி விடுங்கள், அடிக்காதீர்கள். சேவலும் மயிலும் மட்டும் முருகன் குடும்பம் இல்லை, மயிலின் காலடியில் யார் இருக்கிறார் என்று படத்தைப் பாருங்கள்.

கடித்துவிட்டால்: கீறக் கூடாது, உறியக் கூடாது, இறுக்கிக் கட்டக் கூடாது. மோதிரம், காப்பு, கொலுசைக் கழற்றுங்கள். கடிபட்ட கை காலை அசையாமல் ஒரு குச்சி வைத்து லேசாகக் கட்டி, ஆளை நடக்க விடாமல் தூக்கி இறக்குங்கள். 108-ஐ அழையுங்கள். விஷமுறிவு மருந்து இருக்கும் அரசு மருத்துவமனை எது என்று பணிக்கு முந்தின நாளே விசாரித்து வைத்திருக்கணும். சிக்னல் எந்தப் படியில் கிடைக்கும் என்பதும் தெரிந்திருக்கணும்.

பாறையில் மலைத்தேனீக் கூடோ, மரத்தில் கதண்டுக் கூடோ தெரிந்தால் அன்றைக்கு அந்தப் பக்கம் வேலை கிடையாது. புகை போடுவது, கல் எறிவது எதுவும் வேண்டாம். தீயணைப்புத் துறைக்குச் சொல்லுங்கள்.

*9. தண்ணீரும் நெருப்பும்*

படி ஓரத்தில் ஒரு வாய்க்கால் இருக்கும், இலை மூடியிருப்பதால் தெரியாது. அது அடைத்தால் மழைத்தண்ணீர் படி மேலேயே ஓடும். ஓடினால் பாசி. பாசி என்றால் வழுக்கல். புதர் வெட்டும் நாளில் வாய்க்காலையும் தோண்டிவிட்டால் அடுத்த மழைக்குப் பாதி பிரச்சினை வராது. ஆனால் வாய்க்காலுக்கு வெளியே சரிவுப் பக்கம் இருக்கும் புல்லை வேரோடு பிடுங்காதீர்கள். அந்த வேர்தான் மண்ணைப் பிடித்திருக்கு. உயரத்தை மட்டும் குறையுங்கள்.

வெட்டிய முள்ளைப் பாதையின் கீழ்ச் சரிவில், வாய்க்காலில் விழாதபடி, வெட்டிய முனை பாதையைப் பார்க்காதபடி பரப்பிப் போடுங்கள்.

எரிக்கவே கூடாது. "ஒரு குச்சி கிழிச்சுப் போட்டா அஞ்சு நிமிஷத்துல முடிஞ்சுடும்" என்று யாராவது சொல்வார்கள். 2018 மார்ச்சில் தேனி மாவட்டம் குரங்கணி மலையில் காட்டுத்தீயில் சிக்கி மலையேறப் போனவர்கள் இருபதுக்கும் மேல் உயிரிழந்தார்கள். பலர் நம் வயசுக்காரர்கள். காய்ந்த புல் சரிவில் தீ மேல்நோக்கி ஏறும் வேகத்துக்கு மனிதன் ஓட முடியாது. மேலே கோயிலில் ஆள் இருக்கும்போது கீழே தீ வைப்பதை நினைத்துப் பாருங்கள். மாசி, பங்குனியில் கற்பூரம் ஏற்றும் இடத்தைச் சுற்றிக் காய்ந்த புல் இல்லாமல் பார்த்துக்கொள்வதும் நம் பணியில் சேர்த்திதான்.

*10. எப்போது செய்வது?*

ஐப்பசியில் சஷ்டிக்கு முன்: படி விளிம்பு, கைப்பிடி, வாய்க்கால் மட்டும். இடி மின்னல் இருந்தால் மலை ஏறவே வேண்டாம்.

மார்கழி கடைசி, தை முதல் வாரம்: இதுதான் பெரிய பணி. மழை ஓய்ந்திருக்கும், மண்ணில் ஈரம் இருக்கும், வேர் இலகுவாக வரும். தைப்பூசப் பாதயாத்திரைக்கு முன் பாதை தயாராகிவிடும்.

மாசியில்: முன்பு வெட்டிய இடத்தில் வந்த துளிர்களை மட்டும் எடுங்கள். ரெண்டு மணி நேர வேலைதான். ஆனால் இதை விட்டால் தையில் செய்தது வீண். துளிரை ரெண்டு மூணு தடவை விடாமல் எடுத்தால்தான் வேர் களைக்கும்.

ஆவணியில்: கருவி இல்லாமல் சும்மா ஒரு நடை. எங்கே என்ன முளைக்கிறது என்று எழுதி வையுங்கள். ஒவ்வொரு தடவையும் அதே படியில் நின்று அதே கோணத்தில் ஒரு போட்டோ எடுத்தால், எந்த இடம் வேகமாக மூடுகிறது என்று அடுத்த வருஷம் தெளிவாகத் தெரியும். நம் முகம் அந்தப் போட்டோவில் வேண்டியதில்லை.

*இந்த வாரப் பயிற்சி*

1. உங்க ஊர் முருகன் கோயில் பாதையில் ஒருமுறை மெதுவாக ஏறி, மெதுவாக இறங்குங்கள். படி விளிம்பு தெரியாத இடங்களை எண்ணுங்கள். எண்ணிக்கையைக் குழுவில் பகிருங்கள்.

2. முன்பு மேலே வந்துகொண்டிருந்து இப்போது வராமல் நின்றுவிட்ட ஒருவரைக் கண்டுபிடியுங்கள். ஏன் என்று கேளுங்கள். அவர் சொல்லும் காரணம்தான் உங்க முதல் வேலை.

3. நாலு பேர் சேர்ந்ததும் அனுமதி கேளுங்கள். பெரிய குழு வரட்டும் என்று காத்திருக்காதீர்கள். ஒரு காலையில் நாலு பேர் முப்பது படியை நன்றாகச் செய்யலாம்.

எங்க குன்றில் மொத்தம் இருநூற்று நாற்பது படி. பூக்கார அம்மா போன தைக் கிருத்திகைக்கு நூற்று இருபது வரைக்கும் ஏறி, அங்கே இருக்கும் இடும்பன் சந்நிதியில் தன் கையால் மாலை சாத்திவிட்டு இறங்கினார். மிச்சம் பாதிப் படிக்கு இந்த மார்கழியில் வேலை இருக்கு. பக்கத்து ஊரில் இருப்பவர்கள் வாங்க. அரிவாள் நாங்க தர்றோம்.

வேலும் மயிலும் துணை.
வெற்றிவேல் முருகனுக்கு அரோகரா!